கானிக்கோப்பொலி

இரவில் எனக்கு இந்த வேலை.
முந்நூறு வருடத்துப் பேரேட்டைப் படம் பிடித்து அனுப்புவார்கள்.
அதிலுள்ள இங்கிலீஷை எழுத்துக்கு எழுத்து தட்டிக் கொடுக்க வேண்டும்.
பக்கத்துக்கு ஒன்பது ரூபாய்.
பிழை தெரிந்தாலும் திருத்தக் கூடாது.
திருத்தினால் இரண்டு ரூபாய் பிடிப்பார்கள்.

தேவனாம்பட்டினத்துக் கோட்டைக் கணக்கு.
எங்கள் தெருவிலிருந்து டவுன் பஸ்ஸில் கால்மணி நேரம்.
நீலத்துணி இத்தனை கட்டு,
சாராயம் இத்தனை பீப்பாய்,
குதிரைக்குக் கொள்ளு.
நடுவில் ஓர் ஆள்:
கானிக்கோப்பொலி.

கம்ப்யூட்டர் அதன் கீழே சிவப்பாக நெளிகோடு போட்டது.
இத்தாலிக்காரனோ என்று நினைத்தேன்.
ஏதாவது தீவின் பெயராகவும் இருக்கலாம்.
அடுத்த பக்கத்தில் கனகாப்பள்,
அதற்கடுத்து கானகோப்ளி.
எழுதியவனுக்கு மை தீர்ந்ததோ, பொறுமை தீர்ந்ததோ.

பெரிய அகராதியில் கிடைத்தது.
சொல்லுக்கு முன்னால் ஒரு சின்னக் கத்தி;
செத்துப்போன சொற்களை அப்படிக் குத்தி வைப்பார்களாம்.
பொருள்: உள்ளூர்க் கணக்கெழுத்தாளன்.
மூலம்: தமிழ்.

வாய்விட்டுப் படித்தேன்.
மறுபடி, மெதுவாக.
கப்பலேறிப் போய்த் தொப்பி போட்டுக்கொண்டு திரும்பிய
பக்கத்து வீட்டுக்காரனை
மூக்கை வைத்துக் கண்டுபிடித்த மாதிரி
அட, நம்ம கணக்கப்பிள்ளை!

எத்தனை பிள்ளைகளைப் பெற்ற மொழி இது.
கிளிப்பிள்ளை, கீரிப்பிள்ளை, அணிற்பிள்ளை.
தென்னம்பிள்ளைக்குத் தண்ணீர் ஊற்றச் சொன்ன வாய்தான்
கணக்கு பார்த்தவனையும் பிள்ளை என்று கூப்பிட்டது.
வெள்ளைக்கார நாக்கில் ழகரத்துக்கு இடமில்லை என்பார்கள்.
ளகரத்துக்கும் பாய் விரிக்கவில்லை.
பிள்ளையாகக் கப்பலேறியவன்
பொலியாகப் போய் இறங்கிவிட்டான்.

பொலி என்றால் எனக்குத் தெரியாதா?
குறிஞ்சிப்பாடிப் பக்கம் களத்தில் நெல் அளக்கும்போது
முதல் மரக்காலை ஒன்று என்று யாரும் சொல்வதில்லை.
லாபம், ரெண்டு, மூணு என்றுதான் போகும்.
அம்பாரத்தைப் பார்த்துப் பொலி பொலி என்பார்கள்.
வாய் கோணிய கம்பெனிக்காரன்
தன்னையறியாமல் வாழ்த்தியிருக்கிறான்.

வாழ்த்து பலிக்கவில்லை.
நாற்பத்தோராம் பக்கத்தில் நீலத்துணி ஒரு கட்டு குறைகிறது.
எலியா, மழையா, துரையேதானா,
பேரேட்டில் அதற்குப் பத்தி இல்லை.
கானிக்கோப்பொலிக்குப் பன்னிரண்டு அடி,
இரண்டு மாதச் சம்பளம் நிறுத்தம்.
அவன் பெயர் எங்கேயும் இல்லை.
கொள்ளு தின்ற குதிரைக்குப் பெயர் இருக்கிறது.

பிழை தெரிந்தாலும் திருத்தக் கூடாது.
தட்டி அனுப்பினேன்.

மூன்றரை மணிக்கு முதுநகர், ஐஸ் கம்பெனி.
உப்பனாற்றுக் காற்றில் டீசலும் கவிச்சியும்.
தேசிங்கு படகுக்கு நாற்பது பார்.
பலகையில் சறுக்கிச் சறுக்கி இறங்குகின்றன.
லாபம், என்றேன் முதல் பாருக்கு.
கூலியாட்கள் திரும்பிப் பார்த்தார்கள்.
ரெண்டு. மூணு.

கடைசியில் முப்பத்தொன்பது.
வழியில் கரைந்ததா, யாராவது தள்ளிக்கொண்டு போனார்களா?
சாட்சி சொல்ல வேண்டியது
என் செருப்பை நனைத்துக்கொண்டு ஆற்றுக்குப் போகிறது.

'ஏ கணக்குப்புள்ள, என்னா எழுதப்போற?'
படகின் மேலிருந்து கத்துகிறார் தேசிங்கு,
கத்தி குத்திய அந்தச் சொல்லை,
பீடி வாயோடு.

கசிவு, பார் ஒன்று, என்று எழுதினேன்.
கீழே கையெழுத்துக்கான இடத்தில்
எப்போதும் கிறுக்கும் கிறுக்கலை விட்டுவிட்டு
எழுத்தெழுத்தாக வைத்தேன்:
வி. அஞ்சலாட்சி.